நாலு விரல் இடைவெளி

பகுமுறைச் சார்புகள் (அனலிட்டிக் ஃபங்ஷன்கள்) பற்றிய அவளுடைய கணித முனைவர் பட்ட ஆய்வேட்டுக்கு வாய்மொழித் தேர்வு. கரும்பலகையில் அவள் வரைந்த இரண்டு வட்டங்களுக்கு நடுவே நாலு விரல் இடைவெளி. "இந்த வட்டத்துல உங்க ஃபங்ஷன் ஜீரோ, சரி. அந்த வட்டத்துல?" என்று கேட்கிறார் வெளியிலிருந்து வந்த தேர்வாளர். "அங்கயும் ஜீரோதான் சார்." "ஒரே துண்டா இருந்தா, ஒரு பக்கம் ஜீரோன்னா முழுக்க ஜீரோன்னு சொல்லலாம். இது ரெண்டு துண்டாச்சேம்மா?"  அவளுடைய மூன்றாம் அத்தியாயம் முழுவதும் அந்த ஜீரோவின் மேல்தான் நிற்கிறது. நெறியாளர் பேனா மூடியைத் திருகித் திருகிக் கழற்றுகிறார். நிமிரவே மாட்டேன் என்கிறார். பின்வரிசையில் ஒன்றும் புரியாத அம்மா, மகள் வெளுத்து வாங்குகிறாள் என்று தலையாட்டிக்கொண்டிருக்கிறாள். வட்டங்களை ஒரு கோட்டால் இணைத்துவிடலாமா என்று சாக்பீஸ் பிடித்த கை எழுகிறது, பாதியில் நிற்கிறது. "ரெண்டுக்கும் நடுவுல வழியே இல்ல சார்," என்கிறாள். "நாலு வருஷமா நான் கவனிக்கல." அம்மா இன்னும் தலையாட்டுகிறாள்.