பிஸ்கட் கல்லறை

எழிலரசி இரண்டாம் மனைவியாக அந்த வீட்டுக்கு வந்து எட்டு மாதம் ஆகியிருந்தது. கணவனின் பிள்ளைகள் ஆதிரையும் இமயனும் அவளை இன்னும் எந்த முறை சொல்லியும் கூப்பிட்டதில்லை. பள்ளியில் பேய் வேஷம் போடும் ஹாலோவீன் கொண்டாட்டம் என்று தெரிந்ததும் அவளே போனில் தேடிப் பார்த்து, கல்லறைப் புட்டிங் செய்யலாமா என்று கேட்டாள். சாக்லேட் புட்டிங்கின் மேல் பிஸ்கட்டைப் பொடித்துத் தூவினால் மண். முழு பிஸ்கட்டை நட்டுவைத்தால் கல். பிள்ளைகள் கையெல்லாம் சாக்லேட்டாகச் சிரித்தார்கள். அந்த வீட்டில் அவர்கள் சிரித்து அவள் கேட்டது அன்றுதான்.

பிஸ்கட்டில் ஐசிங்கால் எழுதிக்கொண்டிருந்த ஆறு வயது இமயன் நிமிர்ந்தான். “உங்க பேருக்கு எந்த லி?”

அவள் ஆசையாக அவன் பக்கம் குனிந்தாள். “தமிழ்னு எழுதுவீல்ல கண்ணா, அந்த ழ. அதுக்கு மேல கொக்கி போடு.”

அவன் நாக்கைக் கடித்துக்கொண்டு எழுதி, பிஸ்கட்டை மண்ணில் நட்டான். அது தன் பெயர் போட்ட கல்லறைக் கல் என்று அதற்குப் பிறகுதான் அவளுக்கு உறைத்தது.

“உங்கம்மா பேரு எழுதலையா?” வாய் தவறிக் கேட்டுவிட்டாள்.

“அம்மாவை எரிச்சிட்டாங்க,” என்றாள் ஆதிரை, தலை நிமிராமல். “அம்மாவுக்குக் கல்லு கிடையாது.”

போயும் போயும் இதைச் செய்யத் தோன்றியதே என்று எழிலரசி தன்னையே நொந்துகொண்டாள். இமயன் கிண்ணத்தை அவள் பக்கம் நகர்த்தினான்.

“சாப்பிடுங்க.”

பிஸ்கட்டைப் பிடுங்க அவளுக்குக் கை வரவில்லை. அதைச் சுற்றியே ஸ்பூனால் எடுத்துச் சாப்பிட்டாள். அது சாயும்வரை பிள்ளைகள் இருவரும், ஒருநாளும் இல்லாதபடி, அவளை ஒட்டி உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள்.