நாற்பத்து மூன்றில் ரன் அவுட்

"வேணாம்" என்று மாலா கத்தியது விக்கெட் கீப்பருக்குக் கேட்டது. அம்பயருக்கும் கேட்டது.

செல்வி ஓடிவந்துகொண்டே இருந்தாள்.

பாதி பிட்ச் தாண்டிவிட்டாள். மாலா நின்ற இடத்திலேயே நின்றிருந்தால் செல்விதான் அவுட். ஆனால் பதினைந்து வயதிலிருந்து சேர்ந்து ஓடிப் பழகிய கால்கள் யோசிக்கவில்லை. மாலா கிரீஸை விட்டு ஓடினாள்.

எதிர்முனையில் ஸ்டம்ப் சிதறியபோது அவள் மட்டை ஒரு முழம் வெளியே இருந்தது.

நாற்பத்து மூன்று ரன். இன்னும் ஏழு எடுத்திருந்தால் அரைசதம்.

மாலாவுக்கு முப்பத்திரண்டு வயது. மூலக்குளத்தில் ஒரு பள்ளியில் விளையாட்டு டீச்சர். புதுச்சேரி பெண்கள் அணிக்கு ஆள் எடுக்கும் இந்த மேட்ச்தான் அவளுக்குக் கடைசி வாய்ப்பு. அடுத்த வருஷம் சின்னப் பெண்களைத்தான் பார்ப்போம் என்று தேர்வாளர் கண்ணையன் ஜாடையாகச் சொல்லியிருந்தார்.

செல்விக்கு அந்தக் கவலை இல்லை. சகாயசெல்வி இப்போது ராணுவத்தில் மேஜர். எல்லையில் கண்ணிவெடி எடுக்கும் கம்பெனி ஒன்று அவள் பொறுப்பில் இருக்கிறது. நூற்றிருபது வீரர்கள். லீவில் அரியாங்குப்பம் வீட்டுக்கு வந்த மறுநாளே ஸ்கூட்டரில் மாலாவைத் தேடி வந்தாள். இந்த மேட்சில் தனக்கும் ஓர் இடம் வேண்டும், தேர்வுக்காக இல்லை, சும்மா ஆடத்தான் என்றாள். மாலாதான் நாலு பேரிடம் பேசி வாங்கிக் கொடுத்தாள்.

அடுத்த ஓவரிலேயே செல்வியும் போல்டாகித் திரும்பினாள். பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்து, தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு குனிந்திருந்தாள்.

மாலா அவளுக்கு இடப்பக்கம் போய் உட்கார்ந்தாள்.

மற்றவர்களுக்கு எட்டாதபடி, மைதானத்தைப் பார்த்துக்கொண்டே பேசினாள். யூனிஃபார்ம் போட்டுவிட்டால் ஊரே உன் ஆர்டருக்கு ஓட வேண்டுமா என்று கேட்டாள். உனக்கு இது லீவு, எனக்கு இதுதான் வாழ்க்கை என்றாள். நீ பட்டாளத்துக்குப் போன பிறகுதான் இந்த ஊரில் என் ஆட்டத்தை நாலு பேர் பார்த்தார்கள், எதற்குத் திரும்பி வந்தாய் என்றாள்.

கடைசியாகச் சொன்னதை அவள் சொல்ல நினைத்திருக்கவில்லை. வந்துவிட்டது.

செல்வி தலையைக்கூட நிமிர்த்தவில்லை. அது மாலாவுக்கு இன்னும் ஆத்திரத்தைக் கிளப்பியது. முழங்கையைப் பிடித்து உலுக்கினாள்.

செல்வி திடுக்கிட்டு, துண்டை இழுத்துவிட்டுத் திரும்பினாள். முகத்தில் சிரிப்பு.

"நீ எப்ப வந்து உக்காந்த? சாரிடி, உன் ரன்ன கெடுத்துட்டேன்."

அந்தச் சிரிப்பில் நடிப்பு இல்லை. இவ்வளவு நேரம் சொன்னதில் ஒரு வார்த்தைகூட அவளிடம் போய்ச் சேரவில்லை.

எத்தனை நாளாக இப்படி என்று மாலா கேட்டாள்.

செல்வியின் சிரிப்பு போய்விட்டது. சுற்றிலும் பார்த்துவிட்டு மெல்லச் சொன்னாள். ஜனவரியில் பக்கத்தில் ஒன்று வெடித்தது. இடது காது போயிற்று; இரைச்சல் இருந்தால் வலது காதுக்கும் சொல் பிடிபடுவதில்லை. இரண்டு நாளில் சரியாகிவிடும் என்று இருந்தாள், ஆகவில்லை. வீட்டில்கூடச் சொல்லவில்லை. ராணுவத்தில் தெரிந்தால் கம்பெனியை வேறு ஆளிடம் கொடுத்துவிட்டு இவளை ஏதாவது ஆபீஸில் உட்காரவைப்பார்கள். பத்து வருஷம் காத்திருந்து கிடைத்த கம்பெனி.

அதற்குள் கண்ணையன் நோட்டோடு வந்து நின்றார். அவர் தூரத்தில் வேப்பமரத்தடியில் இருந்தவர்; மாலா கத்தியது அவருக்கு எட்டவில்லை.

"யாரும்மா கூப்புட்டது அந்த ரன்ன?"

செல்வி எழுந்தாள். அவள் கண்கள் கண்ணையனின் உதட்டைவிட்டு அசையவில்லை என்பதை மாலா பார்த்தாள். முந்திக்கொண்டாள்.

"நான்தான் சார்."

இத்தனை வருஷம் ஆடியும் இப்படியா என்பதுபோல் கண்ணையன் அவளைப் பார்த்தார். நோட்டில் எதையோ அடித்தார். திரும்பி நடந்தார்.

செல்வி இப்போது மாலாவின் இடப்பக்கம் பொத்தென்று உட்கார்ந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அவருக்குத் தெரியல, இல்ல?" என்றாள். "ஒருத்தருக்கும் தெரியல. இத பாக்கத்தான்டி ஆட வந்தேன். அடுத்த மாசம் மெடிக்கல் டெஸ்ட். இங்க சமாளிச்சிட்டா அங்கயும் சமாளிச்சிடலாம்."

மாலா கையை உருவிக்கொண்டாள்.

தன் நாற்பத்து மூன்றை நினைத்துக் கோபம் வரும் என்று பார்த்தாள். வரவில்லை. அந்த நூற்றிருபது பேரில் ஒருவரையும் அவளுக்குத் தெரியாது. அவர்களில் யாராவது ஒருவன் எப்போதும் செல்விக்கு இடப்பக்கம் நின்றுகொண்டிருப்பான் என்று மட்டும் தோன்றியது.

எழுந்தாள்.

"கண்ணையன் சார், கொஞ்சம் நில்லுங்க. நான் கூப்புடல. வேணாம்னுதான் சொன்னேன். இவளுக்குக் காது கேக்கல."

கண்ணையன் திரும்பினார். பெஞ்சில் இருந்த எல்லோரும் திரும்பினார்கள்.

மாலா பேச ஆரம்பித்தபோதே செல்வி அவளைத் தடுத்திருக்கலாம். கை எட்டும் தூரத்தில்தான் உட்கார்ந்திருந்தாள், அதுவும் கேட்கிற வலது காது மாலாவின் பக்கம்.

தடுக்கவில்லை.