மற்றவன் தளரும்வரை

வீட்டில் சிக்னல் விட்டுவிட்டு வருகிறது என்று ஷிஃபானா கிண்ணியாப் பாலத்துக்கே வந்துவிட்டாள். ஸ்கூட்டரை ஓரங்கட்டி, கம்பியில் முழங்கையை ஊன்றி, போனில் வெயில் விழாமல் முக்காட்டால் மறைத்துப் பிடித்திருக்கிறாள். தோளை இடித்துக்கொண்டு கணவனின் தங்கை றஹ்மாவும் பார்க்கிறாள். திரையில் துபாய் மைதானம். அதன் மூலையில், நீள வாங்கில் அவள் கணவன் நஸ்ரி குந்தியிருக்கிறான். பேஸ்போல் அணியில் அவன் மாற்று எறிவாளன். முதலில் எறிகிறவன் தளர்ந்தால்தான் அவனைக் கூப்பிடுவார்கள். இன்று கடைசி ஆட்டம். இன்றும் கூப்பிடாவிட்டால் ஒப்பந்தம் அவ்வளவுதான்.

"மதினி, நானா எழும்பிட்டாரு!" நஸ்ரி தோளைச் சுழற்றுகிறான். ஷிஃபானா நிமிர்கிறாள். அவன் திரும்பவும் உட்கார்கிறான். அவளுக்குக் கால் ஓரிடத்தில் நிற்கவில்லை. லொறியொன்று கடக்க, பாலம் அதிர்ந்து திரையும் ஆடுகிறது. "துஆக் கேளுங்க மதினி." "என்னண்டு கேக்குற? அந்தப் பொடியன் விழணும் எண்டா?" எறிந்துகொண்டிருக்கிற அந்த மெலிந்த பொடியன், ஒவ்வொரு எறிக்கு முன்னும் கழுத்துச் சங்கிலியை முத்தமிடுகிறான். இந்த முறையும் முத்தமிட்டு எறிந்தவன், முழங்கையைப் பொத்திக்கொண்டு அப்படியே மண்ணில் குந்திவிடுகிறான். வாங்கிலிருந்து நஸ்ரி ஓடி வருகிறான்.

"அல்ஹம்துலில்லாஹ்!" றஹ்மா போட்ட சத்தத்தில், தூண்டில் போட்டிருந்தவர்கள் திரும்பிப் பார்க்கிறார்கள். ஷிஃபானாவின் வாயும் அதைச் சொல்லத்தான் திறக்கிறது. கை மட்டும் தன்பாட்டில் அவளுடைய சொந்த முழங்கையைப் பொத்திக்கொள்கிறது.