பால்பல்

அமுதவல்லி வீட்டுக் குழம்பு பக்கத்து வீட்டுச் செவந்திக்குப் போகாத நாளே ஒரு காலத்தில் கிடையாது. நாலு வருஷத்துக்கு முன்னால், அமுதவல்லியின் புருஷன் டிராக்டரைப் பின்னால் எடுத்தபோது செவந்தியின் ஒரே மகள் சக்கரத்தில் சிக்கிச் செத்தாள். ஆறு வயது. இப்போதெல்லாம் ஒருத்தி கோலம் போட்டு உள்ளே போனால்தான் மற்றவள் வாசல் தெளிக்க வருவாள்.

நேற்றுக் காலை அமுதவல்லியின் தகரக் கூரையில் சாணி உருண்டை ஒன்று விழுந்தது. உள்ளே பால்பல். விழுந்த பல்லைப் பிள்ளைகள் அப்படி எறிவது வழக்கம்தான். அந்தத் தெருவில் பல் விழுகிற வயதில்தான் யாருமில்லை. அமுதவல்லிக்கோ பேச ஒரு சாக்குக் கிடைத்ததே பெரிதாக இருந்தது.

“ஒங்க பக்கமிருந்து விழுந்துச்சுக்கா, பாருங்க.”

செவந்தி பல்லை வாங்கிக்கொண்டு உள்ளே, ஆளில்லாத கூடத்தின் பக்கம் திரும்பினாள்.

“அவுக பக்கமே போகாதேன்னு எத்தன தடவ சொல்றது தாயி? போ, வாயக் கொப்புளி,” என்றபடி கதவைச் சாத்தினாள்.