பக்கத்தில் நின்றவன்

சொல்லிவிட்டாள்.

காதில் மாட்டியிருந்த இயர்போனில் பதில் இல்லை. ஆனால் போன் திரையில், ஆட்டத்துக்குள், ஜெபின் ஓடிப்போகவில்லை. துப்பாக்கியோடு நேராக அவளிடம் வந்தான். பக்கத்தில் நின்றான்.

அம்மாடி! போன உயிர் திரும்பி வந்தது.

அவள் மஸ்கட்டில் நர்ஸ். பதினாலு வயது மகன் ஜெபின் மார்த்தாண்டத்தில், அவள் தங்கை வீட்டில். அப்பா இறந்த பிறகு அவன் போனில் பேசுவதே இல்லை. என்ன கேட்டாலும் ‘ம்’, இல்லாவிட்டால் ‘சரி’. இந்தத் துப்பாக்கி விளையாட்டுக்குள் வந்தால் மட்டும் வாய் திறப்பான். அதற்காகவே இந்தச் சனியனை அவளும் கற்றுக்கொண்டாள்.

“அம்மா, நீ சரியான பாட்!”

அர்த்தம் கேட்டால் சிரிப்பான். குறி தப்பினால் பாட். எதிரே வந்து வாங்கிக்கட்டிக்கொண்டு செத்தால் பாட். வருஷா வருஷம் அதே நோட்ஸைச் சொல்லும் கணக்கு சார் பாட். எந்தச் சேலையைக் காட்டினாலும் சூப்பர் என்கிற சித்தி பாட். மனப்பாடம் செய்தே முதல் மார்க் வாங்குகிற வகுப்புக்காரி உலக மகா பாட். ஒற்றைச் சொல்லை வைத்துக்கொண்டு ஊரையே திட்டித் தீர்ப்பான்.

அவளைத் திட்டும்போது அவளுக்கு இனிக்கும். திட்டுகிறான் என்றால் பேசுகிறான் அல்லவா.

இன்று அவளுக்கு லீவு. மத்தியானமே ஆட்டம் தொடங்கியது. “அம்மா, பாலத்துக்கு அடியில வா, ஒளிஞ்சுக்கோ” என்றான். ஒளிந்தாள். எங்கிருந்துதான் அந்தத் தைரியம் வந்ததோ, ஆரம்பித்துவிட்டாள்.

“மக்களே, ஒண்ணு சொல்லணும். வின்சென்ட் அங்கிள் இருக்காருல்லா, ஒனக்க பெறந்தநாளுக்கு ஷூ அனுப்புனாரே. அவரைக் கெட்டலாம்னு இருக்கேன். நீ வேண்டாம்னா வேண்டாம். ஒனக்க அப்பாவை மறந்துட்டேன்னு மட்டும் நெனைக்காத.”

ஒரே மூச்சு. முகத்தைப் பார்த்துச் சொல்லியிருந்தால் பாதியிலேயே அழுதிருப்பாள்.

அதன் பிறகுதான் அவன் வந்து நின்றான்.

வழக்கமாக அவளை அம்போவென்று விட்டுவிட்டு முன்னால் பாய்கிறவன். இன்று அவள் நடந்தால் நடந்தான். நின்றால் நின்றான். எவனோ சுட வந்தபோது குறுக்கே பாய்ந்தான். அவளுக்கு அடிபட்டதும் மருந்துப் பெட்டியைக் காலடியில் போட்டான்.

பேசத்தான் இல்லை.

பேசாவிட்டால் போகட்டும். என் பிள்ளை. என் தங்கம். கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சுட்டாள்.

“ஒன்னைப்போல ஒரு பிள்ளை யாருக்குக் கெடைக்கும் மக்களே,” என்றாள்.

அறைத்தோழி ரெஜினா தலையில் துண்டோடு குளித்துவிட்டு வந்தாள். அவளும் இதே ஆட்டம் ஆடுகிறவள். தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தாள்.

“யார்கிட்டக்கா பேசுதிய?”

“ஜெபின்ட்ட.”

ஜெபின் என்ற பெயருக்குப் பக்கத்தில் எந்திரத் தலை போல ஒரு சின்னப் படம் இருந்தது. ரெஜினா அதை விரலால் தொட்டுக் காட்டினாள்.

“அவன் போய்ட்டான்க்கா. பாதில யாராவது போய்ட்டா கேமே அவன் எடத்துல ஒரு ‘பாட்’டை விட்டிரும். வெறும் எந்திரம். அதுவா நடக்கும், அதுவா சுடும். பேரு மட்டும்தான் அவன் பேரு.”

அவள் இயர்போனைப் பிடுங்கினாள்.

“எப்பம் போனான்?”

“அது எப்படிக்கா தெரியும்?”

சொல்வதற்கு முன்பா? சொன்ன பிறகா?

திரையில் அது இன்னும் நின்றுகொண்டிருந்தது. இன்னொரு மருந்துப் பெட்டியைப் போட்டது. இதையா தங்கம் என்றாள்? இதனிடமா அழுதாள்?

போனைக் கட்டிலில் வீசினாள்.

அது அடித்தது.

ஜெபின். அவனாகக் கூப்பிட்டு எவ்வளவு காலமாகிறது!

“அம்மா, சாரிம்மா. பாலத்துக்கு அடியில ஒளிஞ்சோம்லா, அப்பவே கரண்டு போச்சு. வைஃபையும் போச்சு. இன்னும் வரல. நீ தனியாவா ஆடுன?”

குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. எப்போதையும்விடக் கொஞ்சம் அன்பாகக்கூட இருந்தது.

அப்பாடா. கேட்கவில்லை. ஒரு வார்த்தைகூட அவன் காதில் விழவில்லை. நெஞ்சில் கையை வைத்துக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்தாள். நேரில் போய், பக்கத்தில் உட்கார வைத்து, பக்குவமாகச் சொல்லிக்கொள்ளலாம்.

“பரவாயில்ல மக்களே.”

“நீ ஏதாவது சொன்னியாம்மா?”

“இல்லியே. ஒண்ணும் சொல்லல.”

“ம். சரி.”

அவன் போனை வைக்கவில்லை. அவளும் வைக்கவில்லை.

அவனுக்குப் பின்னால், கரண்டே இல்லாத சித்தியின் அடுக்களையில், மிக்சி ஓடத் தொடங்கியது.