ஜன்னலோர மீன்கள்

"ஆறு வயசு எனக்கு. அப்பா தோள்ல உட்கார்ந்தே பொருட்காட்சி முழுக்கப் பார்த்தேன்" என்றாள் ஓர்னெல்லா.

சுவிட்சர்லாந்தின் லோசான் நகரில் அறுபத்து நாலில் நடந்த தேசியப் பொருட்காட்சிக்கு அது ஐம்பதாவது ஆண்டு. நேரில் பார்த்தவர்களின் நினைவுகளைப் புத்தகமாக்க, செலின் வீடு வீடாகப் பதிவு செய்துகொண்டிருந்தாள்.

"ஏரிக்கு அடியில போற கப்பல்ல ஏறினீங்களா மேடம்?"

"ஏறாம? ஜன்னலோரம் இடம். வெளியே வெள்ளி வெள்ளியா மீனுங்க! அப்பா ஒவ்வொண்ணுக்கும் பேர் சொன்னார்."

செலின் பதிவை நிறுத்தினாள்.

"தப்பா நினைக்காதீங்க. எங்கப்பாவும் அதுல போயிருக்கார். ஒரே கலங்கல், ஒரு மீன்கூடத் தெரியலைன்னு இன்னிக்கும் திட்டறார். போனவங்க எல்லாரும் அதையேதான் சொல்றாங்க. நீங்க நிஜமாவே பொருட்காட்சிக்குப் போனீங்களா? போகலைன்னா புத்தகத்துல சேர்க்க முடியாது."

"மீனே தெரியலையா?" என்றாள் ஓர்னெல்லா.

"தெரியலை மேடம்."

"அப்பா இத்தாலிக்காரர். சீசனுக்கு மட்டும் கூலி வேலைக்கு வர்றவர். அந்தப் பொருட்காட்சிக்குச் சாரம் கட்டினார். அவங்கல்லாம் குழந்தைங்களை இங்கே வச்சுக்கக் கூடாதுன்னு அப்ப சட்டம். போலீஸ் பார்த்தா எல்லைக்கு அந்தப் பக்கம் அனுப்பிடுவாங்க. ரெண்டு வருஷம் துணி அலமாரிக்குள்ளதான் இருந்தேன். சாயங்காலம் கதவுல வாயை வச்சு, பொருட்காட்சியில பார்த்ததையெல்லாம் அவர் மெதுவா சொல்வார். சிரிப்புச் சத்தம் வெளியே கேட்காம இருக்க, அம்மா பாவாடையை வாயில திணிச்சுக்கிட்டுக் கேட்பேன்."

செலின் தலைகுனிந்தாள்.

"வரிசையில நின்னு, எல்லாத்தையும் பார்த்துட்டு வந்தேன்னுதானே அப்பா சொன்னார்?" ஓர்னெல்லா அவள் கையைப் பற்றினாள். "அப்போ, அவரையும் உள்ளே விடலையா?"