ஒலி சேராத காட்சி

"அதை அழிச்சிடும்மா," என்றார் இயக்குநர்.

எடிட்டருக்குச் சுர்ரென்று ஏறியது.

"எதை சார்? லைட்மேன் விழுந்ததையா?"

அவள் முன்னாலிருந்த திரையில் ஏணி உச்சியில் லைட்மேன் நிற்கிறார். படத்தில் சத்தம் இல்லை. கீழே, திரையில் தெரியாத யாரோ சொல்வதைக் குனிந்து கேட்டு, இடுப்பிலிருந்த பாதுகாப்புக் கயிற்றை அவிழ்க்கிறார். அடுத்த நிமிஷம் தரையில்.

இடுப்பெலும்பு முறிந்து பத்து நாளாக ஆஸ்பத்திரியில் கிடக்கிறார். அவராகவே அவிழ்த்தார் என்று படக் கம்பெனி போலீஸில் எழுதிக் கொடுத்துவிட்டது.

"அவர் சம்சாரம் நேத்து என்கிட்ட வந்து நின்னாங்க சார். 'இருபது வருஷத்துல கயிறு இல்லாம ஏறினதே இல்லைம்மா'ன்னாங்க. யாரோ சொல்லித்தான் அவுத்திருக்கார். ஏணிக்குக் கீழ நீங்கதானே நின்னீங்க?"

இயக்குநர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"நாம எடுக்கிறது ரஷ்ய நாவல். செஞ்ச பாவம் தூங்க விடாம, ஊர் முன்னால வந்து ஒத்துக்கிறவன் கதை. அந்த ஒரு சீனுக்கு நாப்பது டேக் போனீங்க. கண்ணுல குற்ற உணர்ச்சி வரலைன்னு நடிகரை அழ வச்சீங்க. உங்க கண்ணுல எப்ப வரும்? படிக்கிறது ராமாயணம், இடிக்கிறது பெருமாள் கோயில்."

"என்னைத் திட்டிக்கோ. ஆனா அழிச்சிடு."

"மாட்டேன். சவுண்டையும் சேர்த்து போலீஸ்ல கொடுக்கப் போறேன்."

"அதைக் கேக்காதேம்மா." அவர் குரல் இறங்கியது.

"ஏன், பயமா இருக்கா?"

தனியாகப் பதிவாகியிருந்த ஒலியைத் தேடியெடுத்துப் படத்தோடு பொருத்தினாள். பக்கத்து அறைக்கும் கேட்கட்டும் என்று சத்தத்தைக் கூட்டினாள்.

"கயிறு ஃப்ரேமுல தெரியுதுண்ணே. ரெண்டு நிமிஷம்தான், அவுத்துடுங்க."

இயக்குநரின் குரல் இல்லை அது. கேமராமேனின் குரல். காலையில் அவளை வண்டியில் கொண்டுவந்து இறக்கிவிட்டு, "சாயங்காலம் வந்து கூட்டிட்டுப் போறேன்" என்று சொன்ன குரல். அவள் கணவன்.

"உனக்காகத்தாம்மா சொன்னேன்," என்றார் இயக்குநர், தரையைப் பார்த்தபடி.

அவள் சத்தத்தைக் குறைத்தாள். எழுந்து போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

"சார்... சவுண்டை மட்டும் அழிச்சாப் போதுமா?"